வாசலில் போட்ட பிறை

எழில்,

ஞாயிற்றுக்கிழமை நீ போனில் கேட்டதற்கு அப்போதே பதில் சொல்லியிருக்கலாம். "யோசிச்சு சொல்றேன்டா" என்று சொல்லி வைத்துவிட்டேன். நீ கேட்டது என்னவோ சின்ன விஷயம்தான். "அம்மா, ஹாலுக் அங்கிளுக்கு ஒரு கால் பண்ணு. நெர்மின் ஆன்ட்டி சொன்னத நான் தப்பா புரிஞ்சுக்கிட்டேன்னு மட்டும் சொல்லு. போதும். அவர் எங்க கல்யாணத்துக்கு வந்துடுவார்." இத்தனையும் நீ தமிழிலேயே சொன்னாய். வேறு எதற்கும் ஆங்கிலம்தான். என்னிடம் ஏதாவது வேண்டுமென்றால் மட்டும் உனக்குத் தமிழ் வரும். அது எப்படி அப்படி ஆனது என்பதையும் இந்தக் கடிதத்தில் சொல்லத்தான் போகிறேன். உனக்கு வாசிக்க நேரமாகும், தெரியும். விரல் வைத்து மெதுவாகவே வாசி. ஒரு பொய் சொன்னால் சரியாகிவிடும் என்கிறாய். அதைச் சொல்வேனா மாட்டேனா என்பதற்குத்தான் இத்தனை பக்கங்கள்.

நீ ஆலன் ஊருக்குக் குடிபோய் மூன்று மாதம் ஆகிறது. அப்பா தவறி ஐந்து வருஷம். இந்த ஃப்ரீமான்ட் வீட்டில் இப்போது ஒரு சாப்பாட்டு மேஜை, ஆறு நாற்காலி, ஒரு ஆள். ஆறு நாற்காலியிலும் முறை வைத்து உட்கார்ந்து பார்க்கிறேன், சிரிக்காதே. உன் மாமனாராகப்போகிற ஹாலுக் உட்கார்ந்திருந்த நாற்காலியில் உட்கார்ந்தால் சமையலறை வாசல் நேராகத் தெரிகிறது. அன்று அவர் மனைவி நெர்மின் அங்கே நின்றுகொண்டிருந்தது அவருக்கு எவ்வளவு துலக்கமாகத் தெரிந்திருக்கும் என்று இப்போதுதான் புரிகிறது. இந்தக் கடிதத்தை அதே நாற்காலியில் உட்கார்ந்துதான் எழுதுகிறேன்.

கட்டிக்கொள்ளப்போகிற பெண் என்று எலிஃப் பெயரை நீ முதன்முதலாகச் சொன்ன வாரமே நான் லைப்ரரிக்குப் போய்த் துருக்கியைப் பற்றி எட்டுப் புத்தகம் எடுத்து வந்தேன். பள்ளிக்கூடத்தில் எப்படி இருந்தேனோ அப்படியே இருக்கிறேன். முதல் பெஞ்சில் உட்கார்ந்து, மிஸ் கேட்பதற்கு முன்னாலேயே கையைத் தூக்குகிற பெண். நீளமான நோட்டு வாங்கி, சிவப்பு, பச்சை, நீலம் என்று மூன்று பேனாவில் குறிப்பெடுத்தேன். நீ எட்டிப் பார்த்துவிட்டு, "அம்மா, திஸ் இஸ் நாட் எ மிட்டர்ம்" என்றாய். எனக்கு அது பரீட்சைதான். சம்பந்தி வீட்டார் நியூஜெர்ஸியிலிருந்து முதல்முறை வருகிறார்கள். அவர்கள் நாட்டைப் பற்றி எதுவும் தெரியாதவளாக நான் நிற்கக் கூடாது.

ஒரு பெரிய பேரரசு உடைந்து, அதன் இடிபாட்டிலிருந்து ஒரு குடியரசு எழுந்த கதையை எழுதிக்கொண்டேன். எல்லோரும் ஒரே நாட்டினர், எல்லோருக்கும் ஒரே மொழி என்று முடிவானது. எழுத்தையே மாற்றினார்கள். ஊர்களுக்கும் கிராமங்களுக்கும் புதுப் பெயர் வைத்தார்கள். ஒவ்வொரு வகுப்பறையிலும் நாட்டை நிறுவியவரின் படம். அவர் இறந்த நாளில் சங்கு ஊதினால், சாலையில் போகிற கார்கள் நிற்கும், ஆட்கள் இறங்கி அசையாமல் நிற்பார்கள். பள்ளிப் பிள்ளைகள் தினமும் காலையில், தாங்கள் துருக்கியர் என்று ஒரே குரலில் உறுதிமொழி சொல்வார்களாம். பிறகு அதை நிறுத்தியிருக்கிறார்கள். இன்று தேர்தல் என்று வந்தால், தொழுகிறவர் கட்சி, தொழாதவர் கட்சி, ஆள்கிறவர், எதிர்க்கிறவர் எல்லோரும் அதே சிவப்புக் கொடியைத்தான் தூக்குகிறார்கள். யார் அசல் துருக்கியர் என்பதில்தான் போட்டி. எல்லாவற்றையும் அடிக்கோடிட்டேன். எட்டுப் புத்தகத்தைப் படித்தவள், எலிஃபிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் வாசலில் நடந்தது நடந்திருக்காது.

அந்தக் கோலம் என் யோசனைதான். பக்கத்துத் தெரு ஜெசிந்தாவைக் குறை சொல்லாதே, அவள் பிறையை வளைத்துக் கொடுத்தாள், அவ்வளவுதான். காலை ஏழு மணிக்கு வந்து உட்கார்ந்தாள். ஐந்தடிக்கு ஐந்தடி சிவப்புக் கோலப்பொடியைப் பரப்பி, நடுவில் வெள்ளையில் பிறை, பக்கத்தில் நட்சத்திரம். "யக்கா, நட்சத்திரத்துக்கு அஞ்சு முனையா ஆறு முனையா? தப்பாப் போட்டு வேற நாடு ஆயிரப் போவுது" என்று கேட்டுக்கொண்டே போட்டாள். நான் நோட்டைப் பார்த்துச் சொன்னேன். குடியரசு தினத்துக்கு நம் தமிழ் அசோசியேஷனில் மூவர்ணத்தில் போடுவோமே, அதே நினைப்பு. போட்டு முடித்து இரண்டு பேரும் எட்ட நின்று பார்த்தோம். "மாப்ள வீடுன்னா இப்படில்லா இருக்கணும்" என்றாள் ஜெசிந்தா.

நீ காரை நிறுத்தினாய். ஹாலுக் முதலில் இறங்கினார். சாம்பல் நிற கோட்டு, கையில் இனிப்புப் பெட்டி. சிரித்துக்கொண்டே நடந்து வந்தவர், கடைசி அடி வைக்கப்போன காலை அப்படியே பின்னால் இழுத்துக்கொண்டார். முகம் சுருங்கிப்போனது. எலிஃப் வாயைப் பொத்திக்கொண்டாள். எனக்கு ஒன்றும் புரியவில்லை. "உள்ளே வாங்க, உள்ளே வாங்க" என்று அந்தக் கொடியின் மேலேயே நின்று கையை நீட்டினேன். என் கால் நட்சத்திரத்தின் மேல் இருந்தது.

நாங்கள் எல்லோரும் ஆங்கிலத்தில்தான் பேசினோம். இப்போது எழுதும்போது எல்லாம் தமிழிலேயே நினைவுக்கு வருகிறது. "மேடம், இது எங்க கொடி. தரையில..." என்றார். கோபத்தைவிட அவர் குரலில் பதற்றம்தான் இருந்தது. ஜெசிந்தாதான் சமாளித்தாள். "அங்கிள், எங்க ஊர்ல எதை மதிக்கிறோமோ அதைத்தான் வாசல்ல போடுவோம். மிதிச்சு அழியுறதுக்குன்னே போடுறது." அவர் குனிந்து கோலத்தைப் பார்த்தார். "நீங்க மதிக்கிறத கால்கிட்ட வைக்கிறீங்க. நாங்க தலைக்கு மேல வைக்கிறோம்" என்றார். பிறகு சட்டென்று சிரித்துவிட்டார். ஆனாலும் மிதிக்கவில்லை. கராஜ் கதவைத் திறக்கச் சொல்லி அந்த வழியாக வந்தார். தோட்டத்துக் குழாயை வாங்கி, துடைப்பம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, தானே தண்ணீர் அடித்துக் கழுவினார். சிவந்த தண்ணீர் டிரைவ்வேயில் ஓடியபோது முகத்தைத் திருப்பிக்கொண்டார். அந்தக் கறை கான்கிரீட்டில் இன்னும் இருக்கிறது. நானும் இப்போதெல்லாம் கராஜ் வழியாகத்தான் போய் வருகிறேன்.

அத்தோடு முடிந்திருந்தால், இருபது வருஷத்துக்குச் சொல்லிச் சிரிக்கிற கதையாக அது ஆகியிருக்கும்.

சமையலறையில் நெர்மின் எனக்குச் சின்ன வெங்காயம் உரித்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். ஜெசிந்தா வீட்டுக்குக் கிளம்பும்போது நானும் அவளும் பேசியதைக் கேட்டு, "இது இந்தி மொழியா?" என்றார். விட்டேனா நான்? இந்தி வேறு தமிழ் வேறு என்று தொடங்கி, எங்கள் அப்பா பள்ளிக்கூட நாளில் இந்தியை எதிர்த்து ஊர்வலம் போனது, போலீஸ் தடியால் அடித்தது, அந்தத் தழும்பை அவர் எங்களுக்குக் காட்டியது என்று முழுக்கதையும் சொன்னேன். "மொழிய விட்டா நாம யாரு?" என்று கேட்டு முடித்தேன். நெர்மின் கத்தியைக் கீழே வைத்தார். கூடத்தில் நீங்கள் பேசுகிற சத்தம் கேட்கிறதா என்று ஒரு கணம் பார்த்தார்.

பிறகு மெதுவாகச் சொன்னார். அவர் வீட்டில் பேசியது குர்து மொழி. ஆறு வயதில் பள்ளிக்கூடம் போன முதல் நாள் அவருக்குத் துருக்கி மொழியில் ஒரு வார்த்தை தெரியாது. ஒன்றுக்குப் போக வேண்டும் என்று தன் மொழியில் கேட்டிருக்கிறார். டீச்சர் புரியாத மாதிரி நின்றாராம். மறுபடி கேட்டார். மறுபடியும் அதேதான். நின்ற இடத்திலேயே ஈரமாகிவிட்டது. அன்று சாயங்காலத்திலிருந்து அவருடைய அம்மா அவரிடம் அந்த மொழியில் பேசவே இல்லை; தனக்குத் தெரிந்த அரைகுறைத் துருக்கி மொழியில்தான் கடைசிவரை பேசினாராம். "எங்கம்மாவுக்குத் துருக்கி மொழியில கோபப்படக்கூடத் தெரியாது அப்லா" என்றார். அப்லா என்றால் அக்கா. கல்யாணத்தின்போது அவரும் ஹாலுக்கும் பேசி வைத்துக்கொண்டார்கள்: நெர்மின் வீட்டார் நாட்டின் கிழக்குப் பக்கத்துக்காரர்கள், அவ்வளவுதான், பிள்ளைகளுக்கு அதற்கு மேல் வேண்டாம். எலிஃபுக்குத் தெரியாது. "நீங்க தூரத்துல இருக்கீங்க. அதான் சொல்ல முடிஞ்சுது" என்று மறுபடி வெங்காயத்தை எடுத்துக்கொண்டார். நான் அவர் கையைப் பிடித்தேன். எனக்குக் கண் கலங்கியது. நிஜமாகவே கலங்கியது எழில். ஆனால் உள்ளுக்குள், வகுப்பில் விடை கிடைத்த பெண்ணின் சந்தோஷமும் இருந்தது. என் நோட்டில் பச்சை மையில் இருந்த ஒரு அத்தியாயம் என் சமையலறையில் வந்து வெங்காயம் உரிக்கிறது!

மேஜையில் நடந்ததை நீயும் பார்த்தாய். நீ பார்க்காத ஒன்றை மட்டும் சொல்கிறேன், ஹாலுக்கின் கைகள். தாத்தாவின் குடும்பம் பால்கன் பக்கத்திலிருந்து விரட்டப்பட்டுக் கட்டிய துணியோடு ஓடிவந்த கதையைச் சொல்லும்போது அந்தக் கைகள் நாப்கினை மடித்து மடித்துச் சின்னதாக்கிக்கொண்டிருந்தன. "எங்களுக்குக் கதவைத் திறந்தது அந்த ஒரு கொடிதான். அது எங்களுக்குக் கூரை. இன்னிக்கு டிவியில அதை ஆட்டி ஓட்டு கேக்கறவங்களப் பாத்தா எனக்கும்தான் எரிச்சல் வருது. ஆனா கூரையில யாராவது ஆணி புடுங்கினா, நான் சும்மா இருக்க மாட்டேன்." பிறகு பெருமையாகச் சொன்னார்: "என்ன ரத்தம்னு எங்ககிட்ட யாரும் கேக்கறதில்ல. துருக்கியன்னு சொன்னா துருக்கியன். வேற எந்த நாட்டுல இப்படி இருக்கு?"

முதல் பெஞ்சுப் பெண் கையைத் தூக்கிவிட்டாள். "சரி, சொல்ல விரும்பாதவங்க? இப்ப நெர்மினோட அம்மாவையே எடுத்துக்குங்க. குர்து பேசினவங்க..."

அவ்வளவுதான் சொன்னேன். எலிஃப் நிமிர்ந்து, சமையலறை வாசலில் நின்ற தன் அம்மாவைப் பார்த்தாள். துருக்கி மொழியில் ஏதோ கேட்டாள். நெர்மின் தலையைத் தாழ்த்திக்கொண்டதே பதிலாகிவிட்டது. பிறகு எலிஃப், எல்லோருக்கும் புரியட்டும் என்றோ என்னவோ, ஆங்கிலத்தில் சொன்னாள்: "சனிக்கிழமை துருக்கி கிளாஸ்ல கொடி முன்னாடி நின்னு அந்த உறுதிமொழிய நான்தான் எல்லாரையும்விட சத்தமா சொல்வேன். நீ முதல் வரிசையில உக்காந்து கைதட்டுவே. அப்ப உனக்கு எப்படிம்மா இருந்துச்சு?" நெர்மின் என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும்.

ஹாலுக் எழுந்து கோட்டைப் போட்டுக்கொண்டார். "மேடம், வாசல்ல நீங்க தெரியாம செஞ்சீங்க" என்று மட்டும் சொன்னார்.

அதன் பிறகு நீயும் எலிஃபும் ஒரு வாரம் பேசிக்கொள்ளவில்லை என்பதும், அவள் நியூஜெர்ஸிக்குப் போன் செய்வதை நிறுத்தியதும், ஹாலுக் கல்யாணத்துக்கு வரமாட்டேன் என்றதும் உன் வாயால் தெரிந்தவை. ஏர்போர்ட்டுக்கு அவர்களைக் கொண்டுபோய் விட்டுவிட்டு வந்து நீ என்னிடம், "யூ ஆல்வேஸ் டூ திஸ்" என்றாய். எப்போதுமா? நான் எப்போது இப்படிச் செய்தேன் என்று அன்று கோபப்பட்டேன். அதற்குப் பதில் கிடைக்க எனக்கு மூன்று மாதம் ஆனது. நெர்மினின் டீச்சர் புரியாத மாதிரி நின்றார் என்று மேலே எழுதினேனே, அதைக் குறித்து வைத்திருந்த நோட்டுப் பக்கத்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோதுதான் கிடைத்தது.

நம் வீட்டுச் சட்டம் உனக்கு நினைவிருக்கும். உள்ளே தமிழ் மட்டும். நீ ஆங்கிலத்தில் ஏதாவது கேட்டால் நான், "என்ன? புரியலையே" என்பேன். இங்கே தமிழ் அம்மாக்கள் பாதிப் பேர் செய்கிறதுதான். வாரக் கடைசித் தமிழ் வகுப்பில் எனக்கே சொல்லிக் கொடுத்தார்கள், நானும் மற்றவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தேன். "காதுல விழாத மாதிரி இருங்க, தானா தமிழ் வந்துரும்." அப்பாவுக்கு அது பிடிக்கவில்லை. "பையன் உன்கிட்ட பேசறான், பரீட்சை எழுதல" என்பார். நான் கேட்கவில்லை. எங்கள் அப்பா அடி வாங்கிக் காப்பாற்றிய மொழி. என் வீட்டில் அது சாகக் கூடாது.

உனக்கு ஆறு வயது. சைக்கிளிலிருந்து விழுந்து உள்ளே வந்தாய். நான் ஸ்டவ்வைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பின்னாலிருந்து ஆங்கிலத்தில் ஏதோ சொன்னாய். முழங்கால் என்பது என் காதில் விழுந்தது. ரத்தம் என்பதும் விழுந்தது. நான் திரும்பாமல், "புரியலையே கண்ணா" என்றேன், கொஞ்சலாகத்தான் சொன்னேன். நீ வார்த்தையைத் தேடினாய். ரத்தத்துக்குத் தமிழில் என்ன என்று உனக்குத் தெரியவில்லை. மூச்சு வாங்குகிற சத்தம் கேட்டது. கடைசியில் சொன்னாய்: "அம்மா... சிவப்பு வருது."

அதைக் கேட்டு நான் சிரித்தேன் எழில். எவ்வளவு அழகாகச் சொல்கிறான் என்று சிரித்துக்கொண்டே திரும்பினேன். காலுறை நனைந்திருந்தது. மூன்று தையல் போட்டார்கள். அந்தக் கதையை அசோசியேஷனில் எத்தனை தடவை சொல்லியிருப்பேன்! பிள்ளை எப்படிச் சொந்தமாகத் தமிழ்ச் சொல் உண்டாக்கினான் பாருங்கள் என்று. நீ பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருப்பாய். அதன் பிறகு நீ என்னிடம் விழுந்த கதை எதையும் சொன்னதில்லை. ஸ்கூலில் உன்னை யாரோ கேலி செய்ததை அப்பாவிடம்தான் சொன்னாய், ஆங்கிலத்தில், கராஜில், கதவைச் சாத்திக்கொண்டு. எனக்கு வெளியிலிருந்து கேட்டது. என் சட்டம் ஜெயித்துக்கொண்டிருந்தது, என் வீடு பேசுவதை நிறுத்திக்கொண்டிருந்தது.

ஒரு மொழிக்காக அடி வாங்கியவரின் மகள் நான். அதனால் நான் எப்போதும் அடி வாங்குகிற பக்கம்தான் என்று நினைத்திருந்தேன். நெர்மினின் டீச்சரும் நல்லவராக இருந்திருக்கலாம். அந்தப் பெண் குழந்தைக்கு நாட்டின் மொழி வந்துவிட வேண்டும் என்று உண்மையாகவே ஆசைப்பட்டிருக்கலாம். நானும் ஆசைப்பட்டேன். ஹாலுக்கின் கூரையைப் பற்றிப் பேச எனக்கு என்ன இருக்கிறது? நானும் ஒரு கூரை போட்டு, அதன் கீழே ஒரு குழந்தையை நிற்கவைத்துப் பார்த்தவள்தான்.

திங்கட்கிழமை நெர்மினுக்குப் போன் செய்தேன். நீ கேட்டதை அப்படியே சொன்னேன். நீங்கள் எதையும் வெளியே சொல்லவில்லை, நான்தான் தப்பாகப் புரிந்துகொண்டேன் என்று ஹாலுக்கிடம் சொல்லட்டுமா, உங்களுக்கு அது உதவுமா என்று கேட்டேன். பின்னால் டிவியில் துருக்கி மொழியில் யாரோ கூட்டத்தில் முழங்குகிற சத்தம். பிறகு சொன்னார்: "அப்லா, எனக்காகப் பொய் சொல்ல வேண்டாம். எனக்காக உண்மையும் சொல்ல வேண்டாம். ரெண்டும் என்னோடது." நான் மன்னிப்புக் கேட்டேன். "ம்" என்றார். மன்னித்துவிட்டேன் என்று சொல்லவில்லை. அது எனக்குப் பிடித்திருந்தது.

வைப்பதற்கு முன் இன்னொன்று சொன்னார். போன வாரம் எலிஃப் தானே கூப்பிட்டாளாம். பனிக்கு உன் மொழியில் என்ன என்று கேட்டாளாம். நெர்மினுக்கு அது நினைவு இருந்தது. மழைக்குக் கேட்டாள், இருந்தது. கோபத்துக்குக் கேட்டாள், இல்லை. இரண்டு பேரும் அழுதார்களாம். அடுத்த அறையில் ஹாலுக் டிவி பார்த்துக்கொண்டிருந்தார். முதலில் சத்தத்தைக் கூட்டினாராம். கொஞ்ச நேரம் கழித்துக் குறைத்துவிட்டாராம். ஏன் குறைத்தார் என்று நெர்மின் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.

ஆகவே, உனக்கு என் பதில்: அந்தப் பொய்யை நான் சொல்லப்போவதில்லை. ஹாலுக்குக்குத் தனியாக ஒரு பக்கம் எழுதி அனுப்பிவிட்டேன். நெர்மின் என்னை நம்பிச் சொன்னதை உங்கள் முன்னால் எடுத்து வைத்தேன், அது என் தப்பு, அதற்கு மன்னிப்புக் கேட்கிறேன் என்று மட்டும். அவருடைய நாட்டைப் பற்றி ஒரு வரி எழுதவில்லை. அவர் வரலாம், வராமலும் போகலாம். வராவிட்டால் கல்யாணத்தன்று எலிஃப் வாசலையே பார்த்துக்கொண்டிருப்பாள். அப்போது அவள் பக்கத்தில் நில். உன் அப்பா வெறியர் என்று சொல்லாதே, என் அம்மா அவசரக்காரி என்றும் சொல்லாதே. நீ யார், துருக்கியா குர்தா, எங்களில் ஒருத்தியா என்று அவளிடம் எப்போதும் கேட்காதே. அவளுக்கே தெரிய நாளாகும். தெரியாமலேயே இருக்கவும் அவளுக்கு உரிமை உண்டு.

கல்யாணத்துக்கு நான் ஆலனுக்கு வருகிறேன். கோலம் போட மாட்டேன், பயப்படாதே. எங்கே உட்காரச் சொல்கிறாயோ அங்கே உட்காருவேன். எட்டுப் புத்தகத்தையும் திருப்பிக் கொடுத்துவிட்டேன். நோட்டு மட்டும் இருக்கிறது; கடைசிப் பக்கத்தில் உன் முழங்காலைப் பற்றி எழுதி வைத்திருக்கிறேன், சிவப்புப் பேனாவில்.

இதை வாசித்து முடித்ததும் ஒரு போன் செய். எனக்காகத் தமிழில் தொடங்க வேண்டாம். வாயில் எது முதலில் வருகிறதோ அந்த மொழியில் பேசு. உனக்கு எங்கே வலிக்கிறது என்று சொல். எனக்குப் புரியும். அன்றைக்கும் புரிந்தது.

அம்மா